முப்பத்தேழு லிட்டர்

மார்ச் 4, செவ்வாய்

காலையில் காரோடு வந்த புத்தகத்தில் ஐம்பத்தொன்பதாம் பக்கத்தை முடித்தேன். கண்ணாடியை ஏற்றி இறக்குவது பற்றி. எனக்குத் தெரிந்த விஷயம்தான். ஆனாலும் தெரிந்ததை எழுத்தில் பார்ப்பது தனிச் சுகம். பழகிய ஆளை முன்பின் தெரியாத ஊரில் பார்ப்பது மாதிரி.

தினம் ஒரு பக்கம். விரலை வரிக்குக் கீழே வைத்து நகர்த்திக்கொண்டே போவேன். ஒரு பக்கத்துக்கு முக்கால் மணி நேரம் ஆகிறது. ஆகட்டுமே. எழுபத்தொரு வயதில் எனக்கு என்ன அவசரம்? முப்பத்து நான்கு வருஷம் தண்ணீர் லாரி ஓட்டினேன். எண்கள் தெரியும், எழுத்து தெரியாது. நூலகத்தின் பின் அறையில் டீச்சர் நடத்தும் மாலை வகுப்பில் போன வருஷம் சேர்ந்தேன். இந்த நோட்டும் டீச்சர் கொடுத்ததுதான். தேதி போட்டு எழுதச் சொன்னார்கள். இன்னொருவர் படிப்பதற்காக எழுத வேண்டாம், உங்களுக்காக எழுதுங்கள் என்றார்கள்.

காரின் புத்தகம் மூன்று வருஷமாகப் பிளாஸ்டிக் உறைகூடப் பிரிக்காமல் முன்பெட்டிக்குள் கிடந்திருக்கிறது. மகளும் படிக்கவில்லை, மாப்பிள்ளையும் படிக்கவில்லை. இரண்டு பேரும் பட்டம் வாங்கியவர்கள். ஞாயிற்றுக்கிழமை தவறாமல் காரைக் கழுவுகிறார்கள். படிக்கத் தெரிந்தவர்கள் படிக்காமல் இருப்பதைப் பார்த்தால் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது.

மார்ச் 5, புதன்

மழை. வகுப்பு இல்லை. பக்கம் அறுபது: ஸ்டெப்னி.

மார்ச் 7, வெள்ளி

பக்கம் அறுபத்திரண்டு. இதுவரை படித்ததிலேயே நல்ல பக்கம்.

கட்டம் போட்டு எழுதியிருக்கிறார்கள். எரிபொருள் டேங்கின் கொள்ளளவு — 37 லிட்டர். ‘கொள்ளளவு’ டீச்சர் சொல்லித் தராத சொல். நானே உட்கார்ந்து பிரித்துப் பார்த்தேன். கொள்ளும் அளவு. எவ்வளவு நேர்மையான சொல். டேங்க் தன் வயிற்றைத் தொட்டு, எனக்கு இவ்வளவுதான் என்று சொல்வது போல இருக்கிறது.

மாப்பிள்ளை வேலையிலிருந்து வந்ததும் கேட்டேன். காருக்கு எத்தனை லிட்டர் பிடிக்கும்?

“நாப்பது இருக்கும் மாமா.”

மூன்று வருஷமாக ஓட்டுகிறார். நாப்பது ‘இருக்கும்’. நான் லாரி எடுத்த முதல் நாளே டேங்கைக் கையால் தட்டிப் பார்த்தேன். சத்தத்தை வைத்தே பாதியா முக்காலா என்று சொல்லிவிடுவேன். முப்பத்தேழு என்றேன். பக்கத்தைக் காட்டினேன். அவர் சிரித்துக்கொண்டே, அதெல்லாம் தெரிய வேண்டியதில்லை, இன்னும் எத்தனை கிலோமீட்டர் போகலாம் என்று ஸ்டியரிங் பக்கத்துத் திரையே சொல்லிவிடும் என்றார். கம்ப்யூட்டர் பழுது பார்க்கிற வேலை அவருக்கு. திரையில் வந்தால் அது வேதம்.

ஒரு லிட்டருக்குப் பதினெட்டு என்றால் முப்பத்தேழுக்கு அறுநூற்று அறுபத்தாறு கிலோமீட்டர். நானே நோட்டில் பெருக்கிப் பார்த்தேன். ஒரு எண்ணும் ஒரு சொல்லும் சேர்ந்தால் எவ்வளவு தூரம் போக முடிகிறது.

மார்ச் 9, ஞாயிறு

வீட்டுக்கு வந்ததும் நோட்டை எடுத்துவிட்டேன். கோபத்தில். முழுசாக எழுதப் போகிறேன்.

என் மனைவியுடைய அக்கா மலையில் இருக்கிறாள். இடுப்பு எலும்பு முறிந்து படுத்திருக்கிறாள். பார்த்துவிட்டு வரலாம் என்று நாலு பேரும் காலையிலேயே கிளம்பினோம். திரையில் நூற்றுத் தொண்ணூறு. போக எழுபது, வர எழுபது. ஐம்பது மிச்சம் என்றார் மாப்பிள்ளை. முள் பாதிக்கும் கீழே நிற்கிறதே என்றேன். முள் பழைய காலத்து ஆள் மாமா என்றார்.

மலை ஏற ஏறத் திரையில் எண் சரிந்தது. நூற்று ஐம்பது, நூற்றுப் பத்து, எழுபது. அக்கா வீட்டு வாசலில் நாற்பத்தெட்டு. அங்கேயே பெட்ரோல் போட்டுக்கொள்ளலாம் என்றேன். இறங்கும்போது ஏறிவிடும் என்றார். இறங்கும்போது ஏறத்தான் செய்தது. எழுபத்தைந்து வந்தது. என்னைத் திரும்பிப் பார்த்து ஒரு சிரிப்பு. நான் வெளியே மரங்களைப் பார்த்தேன்.

அப்புறம் பாலம் வேலை. ஒரு மணி நேரம் ஒரே இடத்தில், ஏசி ஓடிக்கொண்டே. எழுபத்தைந்து நாற்பது ஆனது, பன்னிரண்டு ஆனது, கடைசியில் எண்ணே போய் இரண்டு கோடு மட்டும் நின்றது. ஊருக்குள் நுழையும் சரிவில் இரண்டு முறை குலுங்கி வண்டி அடங்கிவிட்டது. ஸ்டியரிங் கல்லாகிவிட்டது. மாப்பிள்ளை இரண்டு கையாலும் பிடித்து இழுத்து, சரிவிலேயே உருட்டிக்கொண்டு போய் பெட்ரோல் பங்கில் நிறுத்தினார்.  என் மனைவி, “வந்து சேந்தோம்ல, விடுங்க” என்றாள்.

நான் விடவில்லை. இறங்கி வாய் வரைக்கும் ஊற்றச் சொன்னேன். இனி இந்தத் திரையை நம்பி நான் ஏறமாட்டேன் என்று மாப்பிள்ளை காதில் விழும்படி சொன்னேன். நாலாம் நம்பர் பம்பில் ஒரு பெண். என் மகள் வயசு இருக்கும், தலைமுடியைத் தொப்பிக்குள் செருகியிருந்தாள். குழாய் டப் என்று தானாக நின்றது. அவள் மறுபடி அழுத்தினாள். மறுபடி நின்றது. மறுபடி அழுத்தினாள். அப்போதே எனக்கு உறுத்தியது.

முடிவில் பம்ப் காட்டிய அளவு: நாற்பது புள்ளி ஆறு.

முப்பத்தேழு லிட்டர் டேங்கில் நாற்பதரை லிட்டர் எப்படி அடங்கும்? மூன்றரை லிட்டர் எங்கே போச்சு, ஆகாசத்துக்கா? எழுத்து தெரியாத காலமாக இருந்தால் தலையை ஆட்டிக்கொண்டு வந்திருப்பேன். எனக்கு முந்தாநாள்தான் அந்தப் பக்கம் கிடைத்திருக்கிறது. சும்மா விடுவேனா?

புகார்ப் புத்தகம் கேட்டேன். பெரிய கண்ணாடி போட்ட மேனேஜர், எழுத ஆள் வேண்டுமா பெரியவரே என்று கேட்டார். வேண்டாம் என்றேன். வேண்டாம்னு சொல்ற அந்த சுகம் — எழுபது வருஷம் காத்திருந்தேன். அந்தப் பெண் ஏதோ சொல்ல வந்தாள். நான் கையைக் காட்டி நிறுத்தினேன். பின்னால் வண்டிகள் ஹாரன் அடித்தன. “அப்பா, போதும், வாங்க” என்று மகள் கெஞ்சினாள். இருபது நிமிஷம் எடுத்து எழுதினேன்:

‘37 லிட்டர் கொள்ளும் டேங்கில் 40.6 லிட்டர் ஊற்றியதாகக் காட்டுகிறார்கள். இது திருட்டு. நான்காம் எண் பம்பில் நின்ற பெண் இதற்குப் பதில் சொல்ல வேண்டும்.’

கீழே கையெழுத்து. கைநாட்டு இல்லை.

மார்ச் 10, திங்கள்

என் எழுத்து இப்போது வீட்டுக்கு வெளியே ஓர் இடத்தில் இருக்கிறது. அதை நினைத்துக்கொண்டே இரண்டு டம்ளர் காபி குடித்தேன்.

மார்ச் 12, புதன்

வகுப்பில் அறுபத்திரண்டாம் பக்கத்தை எழுந்து நின்று படித்துக் காட்டினேன். பங்கில் எழுதியதையும் சொன்னேன். எல்லாரும் கை தட்டினார்கள். டீச்சர் மட்டும், முழுப் புத்தகத்தையும் படித்து முடித்துவிட்டீர்களா என்று கேட்டார். இன்னும் பாதிகூட ஆகவில்லை என்றேன்.

தெருமுனைத் தையல்காரருக்கும் முடி வெட்டுகிறவருக்கும் அதே பக்கத்தைப் படித்துக் காட்டியதில் இத்தனை நாளும் பாடம் அங்கேயே நின்றுபோனது. பரவாயில்லை.

மார்ச் 13, வியாழன்

பங்க் வழியாக நடந்து போனேன். நாலாம் நம்பரில் வேறு ஆள். பழைய பெண் எங்கே என்று கேட்டேன். “நிறுத்திட்டாங்க. யாரோ பெரியவர் எழுதி வச்சுட்டுப் போயிட்டாராம்” என்றான்.

சரியான தண்டனை. சரியானதுதான்.

மத்தியானம் சாப்பாடு அவ்வளவாக இறங்கவில்லை. வெயில்.

மார்ச் 15, சனி

பக்கம் அறுபத்து மூன்று.

முதல் நான்கு வரியை அப்படியே இங்கே எழுதுகிறேன்.

‘மேற்கண்ட கொள்ளளவு, நிரப்பும் குழாய் தானாக நிற்கும் அளவைக் குறிக்கும். வெப்பத்தில் எரிபொருள் விரிவடைவதற்காக அதற்கு மேலும் இடம் விடப்பட்டுள்ளது. கழுத்து வரை நிரப்பினால் கூடுதலாகச் சில லிட்டர் கொள்ளக்கூடும். அவ்வாறு நிரப்புவதைத் தவிர்க்கவும்.’

மூன்று முறை படித்தேன். விரலை எடுத்துவிட்டும் படித்தேன். அதேதான் எழுதியிருக்கிறது.

இதை அந்தக் கட்டத்துக்குப் பக்கத்திலேயே எழுதித் தொலைப்பதற்கு என்ன? ஒரு பக்கத்தில் ஒன்றைச் சொல்லிவிட்டு, அந்தாண்டை பக்கத்தில் ‘ஆனால்’ என்று ஆரம்பிப்பது என்ன நியாயம்? ஒரு நாளைக்கு ஒரு பக்கம் படிக்கிற மனுஷன் என்ன பண்ணுவான்? இந்தப் புத்தகம் எழுதினவன் மட்டும் கையில கெடச்சா —

புத்தகத்தைப் படாரென்று மூடினேன். மனைவி சமையலறையிலிருந்து எட்டிப் பார்த்தாள். ஒன்றுமில்லை என்றேன்.

மார்ச் 16, ஞாயிறு

அவளிடம் சொன்னேன். துணி மடித்துக்கொண்டிருந்தாள். நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

“உங்க லாரி முதுகுல என்ன எழுதியிருந்துச்சு?”

பன்னிரண்டாயிரம் என்றேன்.

“மூடி வரைக்கும் ரொப்புவீங்களா?”

மாட்டேன். வளைவில் தண்ணீர் மோதி வழியும், ஆளையே கவிழ்த்துவிடும். ஒரு சாண் விட்டுத்தான் பிடிப்பேன்.

“மூடி வரைக்கும் ரொப்புனா?”

இன்னொரு நானூறு, ஐந்நூறு பிடிக்கும் என்றேன்.

அவள் என் சட்டையை எடுத்து மடித்தாள். முப்பத்து நான்கு வருஷம் என் முதுகுக்குப் பின்னாலேயே வந்த விஷயம். எழுத்தில் முப்பத்தேழு என்று பார்த்ததும் கண்ணை மறைத்துவிட்டது.

மார்ச் 17, திங்கள்

பங்குக்குப் போனேன். கண்ணாடிக்கார மேனேஜர் என்னைப் பார்த்ததும், “இன்னொண்ணு எழுதணுமா பெரியவரே?” என்றார். விஷயத்தைச் சொன்னேன். புத்தகத்தையே கொண்டுபோய்க் காட்டினேன். அவர் அதைப் பார்க்கவில்லை. செப்பு நிறத்தில் ஓர் அளவுப் பாத்திரம் எடுத்து வந்தார். ஐந்து லிட்டர். நாலாம் நம்பர் குழாயிலிருந்து ஐந்து லிட்டர் பிடித்தார். கழுத்தில் இருந்த கோட்டில் மயிரிழை பிசகாமல் நின்றது.

“அன்னிக்கே பாத்தாச்சு. பம்ப் சரியாத்தான் இருக்கு.”

அப்புறம் எதற்கு அந்தப் பெண்ணை நிறுத்தினீர்கள்?

“நீங்க எழுதிட்டீங்களே.”

எனக்கு வந்த கோபத்துக்கு அளவே இல்லை. பொய் என்று தெரிந்த பிறகும் ஒரு பெண்ணின் வேலையைப் பிடுங்குவதா? அவர் நிதானமாகச் சொன்னார். வாயால் சத்தம் போட்டுவிட்டுப் போகிறவர்கள் தினம் பத்துப் பேர், அது காற்றோடு போகும். இது எழுத்து. திருட்டு என்று ஒரு சொல் இருக்கிறது. முதலாளி அதைப் பார்த்துவிட்டார். மாதம் ஒரு முறை வரும் அளவு அதிகாரி அந்தப் புகாரை முடித்துக் கையெழுத்துப் போடாமல் அவளைப் பம்பில் நிறுத்த முடியாது. அதுவும் தவிர, குழாய் தானாக நின்ற பிறகு ஊற்றக் கூடாது என்பது இங்கே சட்டம். அவள் ஊற்றியிருக்கிறாள். 

அந்தத் தாளைக் கிழித்துவிடுங்கள் என்றேன். ஒவ்வொரு தாளிலும் எண் போட்டிருந்தது. அடித்துவிடுகிறேன் என்றேன். அதுவும் கூடாது. அதிகாரி இருபத்தைந்தாம் தேதி வருகிறார்.

வீட்டுக்கு வந்து இந்த நோட்டில் ஒன்பதாம் தேதியைத் திருப்பிப் படித்தேன். ‘வாய் வரைக்கும் ஊற்றச் சொன்னேன்.’ என் கையாலேயே எழுதியிருக்கிறேன். எனக்காக எழுதிய நோட்டில் இருக்கிறது. புகார்ப் புத்தகத்தில் இல்லை.

மார்ச் 19, புதன்

வகுப்புக்குப் போகவில்லை. அந்தப் பெண்ணின் வீட்டுக்குப் போனேன். மேனேஜர் வழி சொன்னார். சலவைக் கடைக்கு மேலே இரண்டாவது மாடி, படியெல்லாம் சோப்பு வாசனை. கதவைத் திறந்து வைத்து, தரையில் உட்கார்ந்து காகிதப் பை ஒட்டிக்கொண்டிருந்தாள். சுவரோரம் ஒட்டி முடித்த பைகள் என் இடுப்பு உயரத்துக்கு நின்றன. என்னைத் தெரிந்துகொண்டாள். எழுந்திருக்கவில்லை. உட்காரவும் சொல்லவில்லை.

தப்பு நடந்துவிட்டது, டேங்க் பற்றி எனக்கு முழுசாகத் தெரியவில்லை என்றேன். பக்கம் அறுபத்து மூன்று என்றெல்லாம் ஆரம்பித்தேன்.

“டேங்க் கெடக்கட்டும் ஐயா. நீங்க எழுதுனத மேனேஜர் படிச்சுக் காட்டினாரு. எல்லாம் இருந்துச்சு. வாய் வரைக்கும் ஊத்துன்னு நீங்க சொன்னத மட்டும் காணோம்.”

இன்னொரு காகிதத்தை எடுத்து மடித்தாள்.

“டப்புனு நின்னா நிறுத்திடணும்னு மூணு தடவ சொன்னேன். நீ எனக்குச் சொல்லித் தரியா, நான் டேங்கோடயே வளந்தவன்னு சொன்னீங்க. பின்னாடி வரிசை நிக்குது, வீட்டு ஆளுங்க மூஞ்சியெல்லாம் தொங்கிக் கெடக்கு, வயசானவராச்சேன்னு ஊத்துனேன். அதுக்குப் பேரு திருட்டு.”

பசைக் கையைத் துணியில் துடைத்துக்கொண்டாள்.

“எழுதத் தெரிஞ்சவங்க பாத்து எழுதணும் ஐயா.”

எழுதத் தெரிந்தவர்கள். என்னை ஒருவர் அந்தக் கூட்டத்தில் சேர்த்துச் சொன்னது இதுதான் முதல் தடவை. இந்தப் படியில், இந்த மாதிரி.

இருபத்தைந்தாம் தேதி பங்குக்கு வர முடியுமா என்று கேட்டேன். எதுக்கு என்றாள். வாருங்கள் என்று மட்டும் சொல்லிவிட்டு இறங்கி வந்துவிட்டேன்.

மார்ச் 20, வியாழன்

மாப்பிள்ளையிடம் காரைக் கேட்டேன். காலியாக ஓட்டி, அதிகாரி கண்ணெதிரே நிரப்பிக் காட்ட வேண்டும். வெறும் வாய்ப்பேச்சை யார் நம்புவார்கள்? டேங்க் வற்றி ஓடினால் உள்ளே இருக்கிற பம்ப் கெட்டுவிடும் என்று புத்தகத்திலேயே இருக்கிறதே என்றார். எண்பதாம் பக்கத்தைத் திறந்து காட்டினார். முன்னால் தள்ளிப் போய்ப் பார்த்திருக்கிறார். புத்தகத்தைத் தொட்டிருக்கிறார்!

தயங்கிக்கொண்டே நின்றார். பிறகு சொன்னார்: “அன்னிக்கு நானும் பக்கத்துலதான மாமா நின்னேன். நீங்க ஊத்தச் சொன்னது என் காதுல விழுந்துச்சு. திரை விஷயத்துல மாட்டிக்கிட்டோமேன்னு வாய மூடிட்டேன்.”

ஒரே ஒரு தடவைதான், காரும் தாங்கும் என்றார். செவ்வாய்க்கிழமை அரை நாள் விடுப்பும் போட்டுவிட்டார். மாப்பிள்ளை மேல் எனக்கு இருந்த கோபத்தில் பாதி போய்விட்டது. மீதிப் பாதியை வைத்துக்கொண்டேன்.

மார்ச் 22, சனி

ஒரு வாரம் கழித்துப் புத்தகத்தைத் திறந்தேன், பக்கம் அறுபத்து நான்கு. திரையில் வரும் தூரம் எப்படி வருகிறது என்று இருக்கிறது. இத்தனை நாள் நான் அதைப் பொய்க்காரன் என்று திட்டிக்கொண்டிருந்தேன். பொய் இல்லை. கடைசியாக எப்படி ஓட்டினோமோ அதைப் பார்த்து, மிச்சமிருக்கிற பெட்ரோலுக்கு இவ்வளவு தூரம் என்று சொல்கிறது. சமதரையில் வந்தவனுக்குச் சமதரைக் கணக்கு. முன்னால் மலை இருப்பது அதற்குத் தெரியாது. நெரிசலில் நிற்கப்போவதும் தெரியாது. கோடு வந்த பிறகும் கொஞ்சம் வைத்திருக்கும், எவ்வளவு என்று மட்டும் சொல்லாது.

மாப்பிள்ளை திரையில் ஓர் எண்ணைப் பார்த்தார். நான் காகிதத்தில் ஓர் எண்ணைப் பார்த்தேன். இவரைப் போய் நான் என்ன திட்டுவது?

மார்ச் 25, செவ்வாய்

காலை ஒன்பதுக்குத் திரையில் இரண்டு கோடு வந்துவிட்டது. பின்பெட்டியில் ஐந்து லிட்டர் கேன். மாப்பிள்ளை ஓட்டினார், நான் பக்கத்தில், மனைவி பின்னால் ஒரு துண்டுச் சீட்டும் பென்சிலுமாக. எங்கேயோ போய் நின்றுவிடக் கூடாது என்று பங்கையே சுற்றி வந்தோம். பங்க், பள்ளிக்கூட மதில், பஸ் ஷெட், மறுபடி பங்க். ஒரு சுற்று ஒன்று புள்ளி மூன்று கிலோமீட்டர்.

அதிகாரி மெலிந்த ஆள். வந்ததும், இதற்கெல்லாம் தனக்கு நேரமில்லை என்றாராம். ஐந்தாவது சுற்றில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். பத்தாவது சுற்றில் கையில் காபி. பதினைந்தாவது சுற்றில் எங்களைப் பார்த்து விரல் விட்டு எண்ணினார். பம்பில் நிற்கிற பையன்கள் ஒவ்வொரு சுற்றுக்கும் கை காட்டினார்கள். காற்றடிக்கும் இடத்தில் அந்தப் பெண் கையைக் கட்டிக்கொண்டு நின்றாள். வந்துவிட்டாள். கை காட்டவில்லை.

கார் நிற்கவே இல்லை. அன்றைக்கு நடுவழியில் கழுத்தறுத்த வண்டி, இன்றைக்குச் சாகச் சொன்னால் சாகமாட்டேன் என்கிறது. எனக்கு வந்த ஆத்திரத்தில் டேஷ்போர்டை ஒரு தட்டுத் தட்டினேன்.

“அத எதுக்கு அடிக்கிறீங்க? அது உங்களப் பத்தி எங்கயும் எழுதி வைக்கலையே” என்றாள் பின்னால் இருந்தவள்.

மாப்பிள்ளை சிரிப்பை அடக்கியதில் ஒரு வேகத்தடையைக் கவனிக்கவில்லை.

இருபத்து நாலாவது சுற்றில் பள்ளிக்கூட மதில் ஓரம் குலுங்கியது. கேனைத் தொட வேண்டியிருக்கவில்லை. பங்கிலிருந்து இரண்டு பேர் ஓடி வந்தார்கள். நாலு பேராகத் தள்ளிக்கொண்டு போனோம். கோடு வந்த பிறகு முப்பத்தொரு கிலோமீட்டர். எந்தப் பக்கத்திலும் இல்லாத எண், இங்கே குறித்து வைக்கிறேன்.

அதிகாரி தானே குழாயைப் பிடித்தார். டப் என்று நின்றபோது முப்பத்தேழு புள்ளி இரண்டு. சோதனைக்காக ஒரு முறை மட்டும் என்று சொல்லிவிட்டுக் கழுத்து வரை மெதுவாக ஊற்றினார். நாற்பது புள்ளி எட்டு. நான் எழுதிய அளவைவிட அதிகம்.

மேனேஜர் முகம் மலர்ந்தது. அதிகாரியின் முகம் மலரவில்லை. அளவில் குறை இல்லை, அது முடிந்தது, ஆனால் தானாக நின்ற பிறகு ஊற்றியது தப்புதானே என்றார். அந்தப் பெண்ணைப் பார்த்து, “உன்ன யாரு ஊத்தச் சொன்னது?” என்று கேட்டார்.

அவள் அவரைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்தாள்.

மாப்பிள்ளை வாயைத் திறந்தார். நான் அவர் கையைப் பிடித்தேன்.

“நான்தான். அவங்க மூணு தடவ வேண்டாம்னாங்க. நான் அதட்டுனேன்.”

“வாயால சொன்னா பத்தாது பெரியவரே. இதுல எழுதுங்க.”

புத்தகத்தைத் திறந்து வைத்தார். என் பழைய எழுத்து அங்கே இருந்தது. ஒவ்வோர் எழுத்தும் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு நிற்கிறது, நான் நின்ற மாதிரியே. ‘திருட்டு’ மற்றச் சொற்களைவிடப் பெரிதாக இருந்தது. அதற்குக் கீழே எழுதினேன். அன்றைக்கு இருபது நிமிஷம். இன்றைக்கு அதைவிட அதிக நேரம் ஆனது. யாரும் ஹாரன் அடிக்கவில்லை, அல்லது எனக்குக் கேட்கவில்லை.

‘மேலே எழுதியது தவறு. டேங்க் கழுத்து வரை 40 லிட்டருக்கு மேல் கொள்ளும். இன்று எல்லோர் முன்னிலையிலும் ஊற்றிப் பார்த்தாயிற்று. கழுத்து வரை ஊற்றச் சொன்னது நான். நான்காம் எண் பம்பில் நின்ற பெண் மூன்று முறை மறுத்தார். நான் அதட்டி ஊற்றவைத்தேன். அதை அன்று எழுதாமல் விட்டேன். திருட்டு என்று எழுதியதை என்னால் அழிக்க முடியவில்லை. அதனால் இதை அதன் கீழே எழுதுகிறேன்.’

அதிகாரி படித்தார். கையெழுத்துப் போட்டார். முதலாளிக்குச் சொல்லி அனுப்புவதாக மேனேஜர் சொன்னார். அந்தப் பெண் புத்தகத்தை வாங்கி, நின்றபடியே இரண்டு பதிவையும் படித்தாள். திருப்பிக் கொடுத்துவிட்டுப் போய்விட்டாள்.  

மார்ச் 26, புதன்

வகுப்பில் அறுபத்து மூன்றாம் பக்கத்தை எழுந்து நின்று படித்தேன். யாரும் கை தட்டவில்லை. டீச்சர் அடுத்த ஆளைப் படிக்கச் சொன்னார்.

மார்ச் 29, சனி

நாலாம் நம்பரில் இன்னும் வேறு ஆள். முதலாளி ஊரில் இல்லையாம். எழுதிக் கெடுக்க ஒரு நாள், எழுதித் திருத்த எத்தனை நாள்? மேனேஜரிடம் சத்தம் போட்டேன். அவர் புகார்ப் புத்தகத்தை எடுத்து மேசைமேல் வைத்தார். நான் வாயை மூடிக்கொண்டு வந்துவிட்டேன்.

ஏப்ரல் 3, வியாழன்

மாப்பிள்ளை முள் கால் பாகத்துக்கு வந்ததும், “மாமா, போட்டுட்டு வந்துடலாமா?” என்று கூப்பிட்டார். திரையில் நூற்று நாற்பது இருந்தது. அதைப் பற்றி இரண்டு பேரும் பேசவில்லை.

நாலாம் நம்பரில் அவள்தான். தலைமுடி தொப்பிக்குள். நான் இறங்கி நின்றேன். மாப்பிள்ளை ஃபுல் என்றார். அவள் பூஜ்யத்தைக் காட்டினாள். குழாயைச் செருகினாள். எண்கள் ஓடின. நான் எண்களையே பார்த்துக்கொண்டிருந்தேன், அவள் முகத்தைப் பார்க்கவில்லை.

டப் என்று நின்றது. இருபத்தெட்டு புள்ளி மூன்று. அவள் குழாயை எடுக்கவில்லை. விரலை விசையின் மேல் வைத்தபடி என்னைப் பார்த்தாள்.

காரின் மேல் வைத்திருந்த டேங்க் மூடியை எடுத்து நீட்டினேன். குழாயை எடுத்து மாட்டிவிட்டு வாங்கிக்கொண்டாள். இரண்டு திருகு திருகி மூடினாள்.